ஆறடித் தண்ணீரில் ஒரு போர்க்கப்பல்

நீர் வற்றினால் மணல்திட்டுகள் தலைகாட்டும் ஆறுகளில் போர்க்கப்பலை எப்படி ஓட்டுவது? அமெரிக்க உள்நாட்டுப் போர் மூண்ட 1861இல், மிசிசிப்பி ஆற்றைக் கைப்பற்ற நினைத்த வடக்குத் தரப்புக்கு இதுதான் தலைவலி. செயின்ட் லூயிஸைச் சேர்ந்த பொறியாளர் ஜேம்ஸ் ஈட்ஸ் சில மாதங்களிலேயே ஏழு கவசப் படகுகளைக் கட்டிக் கொடுத்தார். அவற்றில் ஒன்று கெய்ரோ. நீளம் 175 அடி, அகலம் 51 அடி. 13 பீரங்கிகளையும் 122 டன் இரும்பையும் சுமந்தும் அது ஆறடிதான் அமிழ்ந்தது. அடிப்பாகம் தட்டையாகவும் அகலமாகவும் இருந்ததால், ஆழம் போகாமலே போதிய நீரை ஒதுக்கியது. ஒதுக்கப்பட்ட நீரின் எடைதானே மிதப்பு விசை! துடுப்புச் சக்கரத்தைப் பின்பகுதியின் நடுவே கவசத்துக்குள் ஒளித்துவைத்தார்கள். குண்டு பட்டால் வழுக்கித் தெறிக்கட்டும் என்று சுவர்களைச் சாய்த்தார்கள்.

அந்த ஆறடியே வினையாகவும் முடிந்தது. கடற்கப்பலில் கொதிகலனை நீர்மட்டத்துக்குக் கீழே பத்திரமாக வைக்கலாம். இங்கே அதற்கு இடமில்லை. நீராவி சேரும் உருளை நீர்மட்டத்துக்கு மேலேயே நின்றது. எடையைக் குறைக்க, வேலை முடிந்த ஆவியைக் குளிர்வித்து மீண்டும் நீராக்கும் கனத்த அமைப்பையும் விட்டுவிட்டார்கள். அதற்கு ஈடாக ஆவியின் அழுத்தத்தைக் கூட்டினார்கள்.

பத்து வளிமண்டல அழுத்தத்தில் நீர் சுமார் 180 டிகிரி செல்சியஸில்தான் கொதிக்கும். உருளையில் ஓட்டை விழுந்து அழுத்தம் சட்டென இறங்கினால், உள்ளேயிருக்கும் சூடான நீரில் ஒரு பகுதி அக்கணமே ஆவியாகும். நீர் ஆவியானால் அதன் கனஅளவு ஆயிரம் மடங்குக்கும் மேல் பெருகும். அதைவிடக் கொடியது, அந்த ஆவி தோலில் பட்டு நீராக மாறுவது. ஒரு கிராம் கொதிநீர் உடல் வெப்பநிலைக்கு ஆறும்போது தருவது ஏறத்தாழ 63 கலோரி. ஒரு கிராம் ஆவியோ நீராகும்போதே 540 கலோரியைக் கூடுதலாக இறக்கிவிடும்.

1862 ஜூன் 17 அன்று, ஒயிட் ஆற்றங்கரையின் செயின்ட் சார்லஸில், கெய்ரோவின் உடன்பிறப்பான மௌண்ட் சிட்டிக்கு இதுவே நேர்ந்தது. கரையிலிருந்து வந்த ஒற்றைக் குண்டு கவசத்தைத் துளைத்து நீராவி உருளையையும் உடைத்தது. நூற்றுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். பெரும்பாலோர் வெந்தே செத்தார்கள். குண்டு உள்ளே வராதபடி காக்கவேண்டிய சுவரே ஆவியை உள்ளே அடைத்து வைத்திருந்தது.

கெய்ரோவின் முடிவு வேறு திசையிலிருந்து வந்தது. அதே ஆண்டு டிசம்பர் 12 அன்று, யாசூ ஆற்றில் கண்ணிவெடி வெடித்து அதன் அடிப்பாகத்தைக் கிழித்தது. அங்கே கவசம் கிடையாது. 12 நிமிடங்களில் படகு மூழ்கியது. ஓர் உயிர்கூடப் போகவில்லை. 1960களில் ஆற்றுச் சேற்றிலிருந்து மீட்கப்பட்ட கெய்ரோவை, அதன் கொதிகலன்களோடு, இன்று விக்ஸ்பர்க்கில் பார்க்கலாம்.