காலப் பங்கு: தறியில் ஏறும் நாழிகை யாருக்கு உரியது?

இங்கே விளக்கப்படும் காலப் பங்குத் திட்டம், அதாவது துணியில் நெய்து ஏற்றிய நேரத்தை உரியவர்களுக்குப் பிரித்துத் தரும் திட்டம், நான் கட்டிவரும் கற்பனைச் சேலம் ஒன்றில் நடப்பில் உள்ளது. ஊரும் மலையும் தறியும் நாம் அறிந்தவை. காலத்தை நெய்து விற்கும் வித்தையும் அதற்கான விதிகளும் கற்பனை. அந்த ஊர் நெசவாளர் ஒருவர் தமக்கு உரியது எது என்று கேட்டு வந்தால் எப்படிச் சொல்வேனோ, அப்படியே எழுதுகிறேன்.

துணிக்குப் பாவு என்ற நீள இழையும் ஊடை என்ற குறுக்கிழையும் வேண்டியிருப்பது போல, துணியில் காலத்தைப் பிடித்துவைக்கும் காலவிசைக்கும் இரண்டு வகை நேரம் வேண்டும். பாவில் ஓடுவது காத்திருந்த நேரம்; ஊடை நூலை ஏந்திய நாடா குறுக்கே கொண்டுபோவது உழைத்த நேரம். காத்திருந்த நேரம் சேர்வராயன் மலையிலிருந்து வருகிறது. ஏற்காட்டில் கோடைமழை விழுந்ததும் பூக்கும் காப்பிச் செடி, நவம்பரை ஒட்டியே பழுக்கத் தொடங்குகிறது. அத்தனை மாதப் பொறுமையும் நிழல் மரங்களின் அடியில் கட்டிவைத்த நூலில் படிந்து, சேலத்தின் நெசவுப் பகுதிகளான அம்மாபேட்டைக்கும் குகைக்கும் பாவாக இறங்குகிறது. உழைத்த நேரம் அதனோடு பின்னும்போதுதான் விசை பிடிக்கும். வெறும் பாவாகக் கிடந்தால் இரண்டு மாதத்தில் வடிந்துவிடும்.

அளவை, நாம் மறந்துவரும் நாழிகைதான். ஒரு நாழிகை 24 நிமிடம். ஒரு நாளுக்கு 60 நாழிகை. இரவுப் பணி முடித்த செவிலியர் ஒருவர் ஐந்து நாழிகைத் துண்டைப் போர்த்திக்கொண்டு இரண்டு மணி நேரம் உறங்கி எழுந்தால், சுவர்க் கடிகாரத்தில் முள் நகர்ந்திருக்காது. துணிக்கு உள்ள விலையைவிட அதில் உள்ள நாழிகைக்கு விலை கூடியது இப்படித்தான்.

விதி பிறந்ததும் இதனால்தான். முதலாளி பாவும் ஊடையும் கொடுத்து, கூலிக்குச் சேலையை வாங்கிக்கொண்டபோது, அதில் இருந்த நாழிகையும் பேச்சில்லாமல் அவரோடு போயிற்று. இப்போது கூலி என்பது துணிக்கு மட்டுமே. நாழிகையில் மூன்றில் ஒரு பங்கு, நூலைக் காத்த மலைக் குடும்பத்துக்கு. மீதி இரண்டு பங்கு நெய்த வீட்டுக்கு. முதலாளிக்கு நாழிகை வேண்டுமென்றால் தனியாக விலை பேசி, தனியாக எழுதி வாங்க வேண்டும்.

நெய்த வீட்டுக்கு என்ற சொல்லைக் கவனமாகப் படிக்க வேண்டும், ஏனென்றால் திட்டத்தின் உயிரே அதில் இருக்கிறது. தறிக்குழியில் கால் வைத்தவர் மட்டும் நெய்தவர் அல்லர். விடியலில் தெருவில் பாவு நீட்டியவர், அறுந்த இழையைப் பிணைத்தவர், அடுப்பு வேலைக்கு இடையில் ராட்டையில் தார் (நாடாவுக்குள் வைக்கும் ஊடை நூல் சுருள்) சுற்றியவர் ஆகிய எல்லோருடைய நேரமும் துணிக்குள் போகிறது. நம் உண்மையான சேலத்திலும் இந்த வேலைகளைப் பெரும்பாலும் பெண்களும் முதியவர்களுமே செய்கிறார்கள். பல வீடுகளில் அவர்களுக்கென்று தனிக் கூலி கிடையாது. ஆகவே பங்கைப் பதியும் நாழிகைப் புத்தகம் குடும்பத் தலைவர் பெயரில் ஒன்றாக வழங்கப்படுவதில்லை. வேலை செய்யும் ஒவ்வொருவருக்கும் தனிப் புத்தகம் உண்டு. கண் மங்கித் தறியை விட்ட பாட்டியும், தார் சுற்றும் வரை அதைப் பெறலாம். பதினெட்டு வயது நிறையாதவரின் நேரத்தை ஏற்றக் கூடாது.

இதோடு ஒரு சலுகையும் உண்டு. இன்றைய தமிழ்நாட்டில் கைத்தறி நெசவாளருக்கு இரு மாதத்துக்கு ஒருமுறை 300 யூனிட் மின்சாரம் கட்டணமின்றிக் கிடைக்கிறது; 2023இல்தான் அது 200 யூனிட்டிலிருந்து உயர்த்தப்பட்டது. அதை மாதிரியாக வைத்து, கற்பனைச் சேலத்திலும் இரு மாதத்துக்கு 300 நாழிகைப் பாவு, அதாவது முழுதாக ஐந்து நாள் அளவு, தறி வைத்திருக்கும் வீட்டுக்கு விலையின்றித் தரப்படுகிறது. அதற்கு மலைக் குடும்பத்தின் பங்கை அரசே கொடுத்துவிடும். விசைத்தறிக்கு இந்த நாழிகைச் சலுகை பொருந்தாது; அங்கே துணி விரைவில் வரும், ஆனால் நாழிகை அவ்வளவாகத் தங்காது.

பதிவுக்குத் தறி இருக்கும் வீட்டின் முகவரிச் சான்றும், செய்யும் வேலையைப் பற்றிய நெசவாளர் சங்கத்தின் கடிதமும் போதும். சங்கத்தில் சேராதவர், அதே தெருவில் நெய்யும் இருவரின் கையெழுத்தைக் கொண்டுவரலாம். நாழிகைப் புத்தகத்தை அடகு வைப்பதும், முன்பணத்துக்கு ஈடாக முதலாளியிடம் கொடுத்து வைப்பதும் செல்லாது. அப்படிக் கொடுத்தவர் எந்தக் கடனும் தீர்க்காமலே அதைத் திரும்பக் கேட்டு வாங்கலாம். இதைத் தெரியாமல் பயந்திருப்பவர்களுக்காகவே இந்த வரியை அழுத்திச் சொல்கிறேன்.

நாழிகையை அளவெடுப்பவர் வரும் வரை சேலையைத் தறியிலிருந்து அறுக்க வேண்டாம். பாவு இழுத்துக் கட்டியிருக்கும்போது எந்த இழையில் யாருடைய நேரம் என்று பிரித்துப் பார்க்க முடியும். அறுத்து மடித்துவிட்டால் மொத்த நாழிகை மட்டுமே தெரியும், தார் சுற்றியவரின் பங்கைத் தனியே எடுக்க வழியில்லை.