ரேம்ப்: காட்டில் முளைக்கும் லீக்ஸ்

அமெரிக்காவின் அப்பலாச்சிய மலைப்பக்கம் ஏப்ரல் வந்தால் சந்தையில் 'ரேம்ப்' கட்டுக்கட்டாக வந்து இறங்கும். வெங்காயம், பூண்டு இனத்தைச் சேர்ந்த காட்டுச்செடி இது. தாவரவியல் பெயர் அல்லியம் டிரைகாக்கம். அல்லியம் என்றால் இலத்தீனில் பூண்டு. டிரைகாக்கம், 'மூன்று விதைமணி' என்று பொருள் தரும் கிரேக்க வேரிலிருந்து வந்தது. காயைப் பார்த்தால் காரணம் புரியும்: மூன்று புடைப்பு, ஒவ்வொன்றிலும் மிளகு போல ஒரு கருப்பு விதை.

'ரேம்ப்' பழைய ஆங்கிலத்தின் 'ஹ்ராம்சா' வழியாக வந்த சொல். அது ஐரோப்பியக் காட்டுப்பூண்டு ஒன்றின் பெயர். பிரிட்டனிலிருந்து குடியேறியவர்கள், அதே வாசமும் அகன்ற இலையும் கொண்ட இந்தச் செடிக்கும் அந்தப் பெயரையே வைத்துவிட்டார்கள். அதற்கு வெகுகாலம் முன்பே அப்பகுதியின் மயாமி-இல்லினாய் பழங்குடி மக்கள் இதை 'ஷிகாக்வா' என்று அழைத்தார்கள். சிகாகோ நகரின் பெயர் அதிலிருந்து வந்ததுதான். அங்குள்ள காட்டில் பூண்டு மிகுதியாக விளைவதால் அந்தப் பெயர் என்று 1680களின் இறுதியில் அவ்வழியே போன பிரெஞ்சுக்காரர் ஆன்றி ஜூட்டெல் எழுதி வைத்திருக்கிறார்.

கனடாவின் கியூபெக், நோவா ஸ்கோஷியாவிலிருந்து தெற்கே ஜார்ஜியா மலைகள் வரையிலும், மேற்கே மினசோட்டா வரையிலும் இது வளர்கிறது. மேப்பிள், பீச் மரங்களின் அடியில், ஈரமும் இலைமக்கும் நிறைந்த மண் வேண்டும். மரங்கள் துளிர்த்து நிழல் கட்டுவதற்குள் இரண்டு மூன்று இலைகளை விரித்து, கிடைக்கும் வெயிலைக் கிழங்கில் சேர்த்துக்கொள்ளும். கோடை தொடங்கும்போது இலை வாடிவிடும். அப்புறம்தான் மொட்டைத் தண்டில் வெள்ளைப் பூங்கொத்து வரும். விதை முளைக்கவே ஓராண்டுக்கு மேல் ஆகலாம். முளைத்த செடி பூக்க இன்னும் ஐந்து முதல் ஏழு ஆண்டுகள். அதனால் கிழங்கோடு பிடுங்கினால் அந்த இடம் எளிதில் மீளாது. செடிக்கு ஓர் இலை கிள்ளினால் போதும் என்று விவரம் தெரிந்தவர்கள் சொல்வது இதனால்தான். கியூபெக் 1995 முதல் இதன் விற்பனையைத் தடை செய்திருக்கிறது. அமெரிக்காவின் கிரேட் ஸ்மோக்கி மலைத் தேசியப் பூங்காவில் பறிக்கவே கூடாது.

சரி, தமிழில் எப்படிச் சொல்வது? 'காட்டு வெங்காயம்' என்று எழுதிவிடக் கூடாது. அது நம் ஊர் நரிவெங்காயத்தின் பெயர். அந்தக் கிழங்கு நஞ்சு. மலையாளத்தில் 'காட்டுள்ளி' என்பதும் அதையே குறிப்பதால் அதுவும் வேண்டாம். பெயர் மாறினால் உயிருக்கே ஆபத்தாகும் இடத்தில் கவனம் தேவை. வெங்காயத்தின் உறவான, நீண்ட தண்டுள்ள காய்கறி ஒன்று உண்டு; இலங்கைத் தமிழர் சமையலறையிலும் சந்தையிலும் அதற்கு 'லீக்ஸ்' என்பது நன்றாக ஊன்றிய சொல். அதனால் 'காட்டு லீக்ஸ்' என்பதே என் தேர்வு. மத்தியதரைக் கடல் நாடுகளில் தோட்ட லீக்ஸின் மூதாதையான இன்னொரு காட்டு இனமும் உண்டு. அதன் இலை ஒடுக்கமாக நாடா போல இருக்கும். இரண்டையும் ஒரே கட்டுரையில் எழுதும்போது ரேம்பை 'அகல இலைக் காட்டு லீக்ஸ்' என்று பிரித்துக் காட்டலாம்.