இஜ்ஜத்: சொல்லும் பொருளும்

மும்பைத் தமிழர் வீடுகளில் 'இஜ்ஜத்' அன்றாடம் புழங்கும் சொல். தாராவியில் பையன் தெருவில் சண்டை இழுத்துவிட்டு வந்தால், "அப்பா இஜ்ஜத் என்னடா ஆகும்?" என்று அம்மா கேட்பார். கல்யாணப் பந்தியில் சாம்பார் தீர்ந்தால் "இஜ்ஜத் போச்சு". "இஜ்ஜத்தா பேசு" என்றால் மரியாதையாகப் பேசு. பேர், மானம், மரியாதை என்று மூன்று தமிழ்ச் சொற்களின் வேலையை இது ஒன்றே பார்க்கிறது.

மூலம் அரபி. அங்கே வலிமை, மேன்மை என்று பொருள். அஜீஸ் என்ற பெயரும் இதே வேரில் பிறந்ததுதான். பாரசீகம், உருது வழியாக இந்திக்கு வந்து, அங்கிருந்து நம் பேச்சில் ஏறியது. ஒருவரிடம் இருக்கும் வலிமையைக் குறித்த சொல், வந்த வழியில் ஊரார் கண்ணில் அவருக்கு இருக்கும் இடம் என்று மாறிவிட்டது.

பக்கத்து வீட்டு மராத்திக்காரர் இதற்கு 'அப்ரூ' என்பார். அதுவும் பாரசீகம்தான். 'ஆப்' என்றால் நீர், 'ரூ' என்றால் முகம். வைரத்துக்கு நீரோட்டம் பார்க்கிறோமே, அந்த நீர்தான் இங்கே முகத்துக்கு. நாம் 'முகத்தில் கரி பூசிவிட்டான்' என்று சொல்வதற்கும் இதற்கும் அதிக தூரமில்லை.

சரி, தமிழில் எது? மானம் ஒரு நொடியில் கப்பலேறிவிடும். மதிப்பு மற்றவர் போடுகிற கணக்கு. எனக்குப் பிடித்தது 'பேர்'. எடுக்கலாம், கெடுக்கலாம், காப்பாற்றலாம். ஆள் போன பிறகும் அது நிற்கும். தாத்தா பெயரைத் தாங்குபவன் பெயரன், அதுவே பேரன்.

போன பிறகு நிற்பதற்கு இன்னும் பழைய சொல் ஒன்று உண்டு: எச்சம். எஞ்சுவது எச்சம். 'இசையென்னும் எச்சம்' என்று குறள் 238 புகழையே அப்படிச் சொல்கிறது. இன்று பறவை எச்சம்தான் முதலில் நினைவுக்கு வருகிறது என்பதால் கூச்சப்பட்டு 'லெகசி' என்கிறோம். அந்தக் கூச்சம் தேவையில்லை. பள்ளியில் பெயரெச்சம், வினையெச்சம் படித்தவர்கள்தானே நாம்.

'தக்கார் தகவிலர் என்பது அவரவர் எச்சத்தாற் காணப்படும்' என்பது குறள் 114. இங்கே எச்சம் என்பதற்குப் பரிமேலழகர் மக்கள் என்று உரை சொன்னார். மு. வரதராசனோ, ஒருவருக்குப் பின் எஞ்சி நிற்கும் புகழும் பழியும் என்றார். எனக்கு இரண்டாவதுதான் சரியாகப் படுகிறது. அப்பாவின் இஜ்ஜத்தைப் பிள்ளை தலையில் ஏற்றுவதை இங்கே தினமும் பார்க்கிறோம். அதிலும் பெண்பிள்ளை யாரைக் கட்டிக்கொள்கிறாள் என்பதில் மொத்த வீட்டின் இஜ்ஜத்தையும் கொண்டுபோய் வைக்கிறோம். அது அவளுக்குச் செய்கிற அநியாயம். அவரவர் பேர் அவரவர் செய்கையில் இருக்கிறது. குறளும் 'அவரவர்' என்றுதான் சொல்கிறது.

ஆகவே "இஜ்ஜத்தா பேசு" என்கிற இடத்தில் மரியாதை போதும். அது வடமொழியிலிருந்து வந்ததுதான், ஆனால் நம் வாயில் ஊறிப் பல காலம் ஆயிற்று. பந்தியில் போனது மானம். பையனிடம் சொல்வதென்றால், "உன் பேரைக் கெடுத்துக்காதே". இரங்கல் கூட்டத்தில் 'லெகசி' வருகிற இடத்தில் 'அவர் விட்டுப்போன பேர்' என்று பேசலாம். எழுதும்போது எச்சம் என்றே எழுதலாம்.