பற்றுவால் முள்ளம்பன்றி: சொல் விளக்கம்

தென் அமெரிக்கக் காடுகளில் மரத்திலேயே வாழும் ஒரு முள்ளம்பன்றிக்கு அறிவியலில் 'கோயெண்டு பிரிஹென்சிலிஸ்' என்று பெயர். முதற்சொல், பிரேசில் கடலோரப் பழங்குடியினர் பேசிய துப்பி மொழியில் இவ்விலங்குக்கு வழங்கிய 'குவாண்டு' என்ற பெயரின் திரிபு. அதைப் பேரினப் பெயராக ஆக்கியவர் பிரெஞ்சு இயற்கையியலாளர் லாசெப்பேத் (1799). இரண்டாம் சொல் சுவீடன் நாட்டு இயற்கையியலாளர் லின்னேயஸ் 1758இல் இட்டது. 'பிடி' என்னும் பொருளுடைய இலத்தீன் வினையிலிருந்து பிறந்தது.

அப்பெயருக்குக் காரணம் வால். ஏறத்தாழ உடலளவு நீளமுள்ள அந்த வாலின் நுனிப் பகுதியில் முள்ளே கிடையாது. நுனியின் மேற்புறம் மயிரற்று, காய்ப்பேறிய தோலாக இருக்கும். வாலால் தொங்கும் குரங்குகள் வாலைக் கீழ்நோக்கிச் சுருட்டி அடிப்புறத்தால் கிளையைப் பிடிக்க, இதுவோ மேல்நோக்கிச் சுருட்டி மேற்புறத்தால் பிடிக்கிறது. இந்த ஒரு வேறுபாட்டுக்காகவே இவ்விலங்கை நின்று கவனிக்கலாம். நான்கு விரல்கள் கொண்ட பாதங்களும் வளைந்த நீண்ட நகங்களும் ஏறுவதற்குத் துணை. உடல் முழுதும் வெண்மையும் கருமையும் கலந்த குட்டையான தடித்த முட்கள். முகத்தில் உருண்டு பருத்த மூக்கு. எடை சுமார் 5 கிலோ வரை இருக்கும். பகலில் உறங்கி இரவில் இலை, பட்டை, பழம் தின்னும். குட்டி செம்மயிரோடு பிறக்கும். அதன் சிறு முட்கள் பிறந்த சிறிது நேரத்திலேயே இறுகிவிடும்.

தமிழில் முள்ளம்பன்றிக்கு 'எய்', 'முளவுமா' எனப் பழைய பெயர்கள் உண்டு. 'எய்' என்றதும் அம்பெய்தல் நினைவுக்கு வந்தாலும், எந்த முள்ளம்பன்றியும் முள்ளை எய்வதில்லை. பட்டால் கழன்று குத்தி நிற்கும், அவ்வளவே. 'பன்றி' என்பதும் தோற்றம் பற்றி வந்த வழக்குதான். ஆங்கிலச் சொல்லும் 'முட்பன்றி' என்னும் பழைய பிரெஞ்சுத் தொடரின் வழிவந்ததே. உண்மையில் இது எலி, அணில் போன்ற கொறிணி.

'மரமுள்ளம்பன்றி' என்று மட்டும் சொன்னால் போதாது என்பது என் கருத்து. வட அமெரிக்க முள்ளம்பன்றியும் மரமேறும். ஆனால் அதன் வால் கிளையைச் சுற்றிப் பிடிக்காது. எனவே 'பற்றுவால் முள்ளம்பன்றி' என்பதே பொருத்தம். ஊறுகாய், சுடுசோறு போலப் 'பற்றுவால்' வினைத்தொகை: பற்றிய வால், பற்றுகின்ற வால், பற்றும் வால் என முக்காலத்துக்கும் விரியும்.