உத்தரவு வராத 29 ஆண்டுகள்

1945 அக்டோபரில் பிலிப்பைன்ஸின் லூபாங் தீவுக் காட்டில் ஒரு துண்டுச் சீட்டு கிடந்தது. ஜப்பானிய மொழியில் இரண்டே வரி: ஆகஸ்ட் 15-ஆம் தேதி போர் முடிந்துவிட்டது, மலையை விட்டு இறங்கி வாருங்கள். அதைப் படித்தவர்களில் ஒருவர் ஹிரோ ஒனோடா என்ற இளம் ராணுவ அதிகாரி. அப்போது வயது 23. அவர் மலையை விட்டு இறங்கியது 1974 மார்ச்சில். இன்னும் பத்து நாள் போயிருந்தால் 52 முடிந்திருக்கும்.

போர் முடிந்த சேதியே பாவம் அவருக்குப் போய்ச் சேரவில்லை என்றுதான் பலரும் இந்தக் கதையைச் சொல்வார்கள். சேதி போனது, மூட்டை மூட்டையாகப் போனது. 1945 கடைசியில், பிலிப்பைன்ஸில் ஜப்பானியப் படைத் தளபதியாக இருந்த ஜெனரல் யமாஷிதாவின் சரணடைவு உத்தரவை அச்சடித்து விமானத்திலிருந்து வீசினார்கள். 1952-இல் வீட்டுக் கடிதங்களும் குடும்பப் புகைப்படங்களும் வானிலிருந்து விழுந்தன. பிறகு சொந்த அண்ணனே தீவுக்கு வந்து ஒலிபெருக்கியில் கூப்பிட்டார். தேடுதல் குழுக்கள் செய்தித்தாள் கட்டுகளைக் காட்டில் விட்டுச் சென்றன. 1960-களின் நடுவிலிருந்து கையில் டிரான்சிஸ்டர் ரேடியோவே இருந்தது. இத்தனைக்கும் பிறகு ஒருவர் எப்படி நம்பாமல் இருக்க முடியும்? அதற்கு அவர் தலைக்குள் எப்படிப்பட்ட சல்லடையைப் பொருத்தி அனுப்பினார்கள் என்று பார்க்க வேண்டும்.

சாதாரண ஜப்பானியச் சிப்பாய்க்குக் கொடுக்கப்பட்ட பாடம் எளிது. 1941-இல் வெளியான போர்க்கள நடத்தை விதி, கைதியாகும் அவமானத்தோடு உயிர்வாழாதே என்றது. ஒனோடா படித்ததோ நகானோ உளவுப் பள்ளியின் ஃபுதமாதா கிளையில். அங்கே 1944-இல் சில மாதங்கள் கெரில்லாப் போர் கற்றுக்கொடுத்தார்கள். பாடம் நேர் எதிர்: சாகாதே, பதுங்கு, தகவல் சேகரி, எதிரி பரப்பும் பொய்யை எதிர்பார். அந்த ஆண்டு டிசம்பரில் லூபாங்குக்குக் கிளம்பியபோது கிடைத்த ஆணையும் அதே ரகம். விமான ஓடுபாதையையும் படகுத்துறையையும் தகர்க்க வேண்டும், தற்கொலை கூடாது, மூன்று வருடமோ ஐந்து வருடமோ ஆகட்டும், திரும்பி வந்து அழைத்துப் போவோம்.

1945 பிப்ரவரி 28-இல் அமெரிக்கப் படை தீவில் இறங்கியது. தகர்க்கும் வேலை எதுவும் நடக்கவில்லை, அங்கிருந்த மற்ற அதிகாரிகள் ஒத்துழைக்கவே இல்லை. சில நாட்களில் படை சிதறி, கடைசியில் மிஞ்சியது நான்கு பேர்: ஒனோடா, ஷிமாடா, கொசுகா, அகாட்சு.

இப்போது சல்லடை வேலை செய்யும் விதத்தைப் பாருங்கள். எதிரி பொய்ச் சீட்டு போடுவான் என்று முன்கூட்டியே சொல்லிவைத்திருக்கிறார்கள். சீட்டு வந்துவிட்டது. ஆகவே சொன்னது சரி! ஒரு சீட்டு வந்தால் நம்பிக்கை கொஞ்சம் ஆட வேண்டும்; இங்கே ஒவ்வொரு சீட்டும் ஒரு ஆணி அடித்துவிட்டுப் போனது. முதல் சீட்டை மறுக்க அவர்களுக்கு ஒரு நல்ல காரணமும் இருந்தது: சில நாட்களுக்கு முன்புதான் அவர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்திருந்தது. போர் முடிந்திருந்தால் ஏன் சுடுகிறார்கள்? யமாஷிதா உத்தரவை வரி வரியாகப் பிரித்துப் பார்த்து, வாசகம் சரியில்லை, இது போலி என்றார்கள். அண்ணனின் குரலை, யாரோ குரல் மாற்றிப் பேசுகிறான் என்று ஒதுக்கினார். செய்தித்தாளை முழுப் பொய் என்று கூடச் சொல்லவில்லை. செய்தி உண்மைதான், நடுவே வேண்டியதை வெட்டி விஷத்தைக் கலந்திருக்கிறார்கள் என்பது அவர்கள் முடிவு. எந்த ஆதாரம் வந்தாலும் செரித்துவிடும் கோட்பாடு அது. அறிவு குறைந்தவரால் இதைக் கட்ட முடியாது. நல்ல மூளை வேண்டும்.

இதற்கு எரிபொருளாக ஒரு சுழற்சியும் ஓடிக்கொண்டிருந்தது. பசிக்காக இவர்கள் மாட்டைச் சுடுவார்கள், நெல்லைத் தூக்குவார்கள். தீவுக்காரர்கள் காவலர்களோடு தேடி வருவார்கள். இரு பக்கமும் சுடுவார்கள். அந்தச் சத்தம் காட்டுக்குள் 'போர் நடக்கிறது' என்ற சேதியாகவே போய்ச் சேர்ந்தது. மழைக்காலம் முடிந்து வறண்ட பருவம் தொடங்கும்போது, அறுத்துக் குவித்த நெற்போருக்குத் தீ வைப்பதையும் வழக்கமாக்கிக் கொண்டார்கள். நாங்கள் இன்னும் இருக்கிறோம் என்று ஜப்பானியப் படைக்குச் சொல்லும் சமிக்ஞையாம் அது. ஒரு குடும்பத்தின் ஒரு வருடச் சோறு அந்தச் சமிக்ஞையில் எரிந்தது. 29 ஆண்டுகளில் சுமார் 30 தீவுவாசிகள் உயிரிழந்தார்கள். ஒனோடாவை வீரர் என்று எழுதும் கட்டுரைகள் இந்த எண்ணை அடிக்குறிப்பில் போட்டுவிட்டு நகர்ந்துவிடும்.

கூட்டத்தில் யாராவது சந்தேகப்பட்டிருந்தால்? அகாட்சு 1949-இல் பிரிந்து போய் அடுத்த ஆண்டு சரணடைந்தார். மற்ற மூவரும் அவரைத் துரோகியாக எழுதிக்கொண்டு இன்னும் எச்சரிக்கையானார்கள். 1954 மே மாதம் ஷிமாடா சுடப்பட்டு இறந்தார். அதன்பின் போர் முடிந்துவிட்டதென்று ஒப்புக்கொண்டால், நண்பன் ஒன்றுமில்லாததற்குச் செத்தான் என்றும் சேர்த்து ஒப்புக்கொள்ள வேண்டும். ஒவ்வொரு வருடமும் அந்த விலை ஏறிக்கொண்டே போனது.

நம்பிக்கை மட்டும் சோறு போடாது. ஈரக் காடு முதலில் துணியைத் தின்னும், அடுத்து தோலை, பிறகு இரும்பை. துப்பாக்கி துருப்பிடிக்காமல் இருக்க வழி தேங்காய். துருவிப் பாலெடுத்துக் காய்ச்சினால் எண்ணெய் பிரியும். அதை உலோகத்தில் மெல்லப் பூச வேண்டும். ஆளி விதை எண்ணெய் போன்றவை காற்றுப் பட்டால் பிசினாக இறுகி, துப்பாக்கியின் அசையும் பாகங்களையே ஒட்டிவிடும். தேங்காய் எண்ணெயில் நிறைவுற்ற கொழுப்பு அதிகம், அதனால் இறுகுவதும் சிக்குப் பிடிப்பதும் குறைவு. சுமார் 24 டிகிரிக்குக் கீழே உறையும் என்பது ஒரு குறைதான், ஆனால் லூபாங்கின் வெப்பத்தில் அது பெரிய தொல்லை இல்லை. சரணடைந்த நாளில் அவருடைய 99-ஆம் ரகத் துப்பாக்கி சுடும் நிலையில் இருந்தது, கூடவே சுமார் 500 தோட்டாக்கள். சுட்டால் இடம் தெரிந்துவிடும் என்பதால் தோட்டாவை எண்ணி எண்ணிச் செலவழித்ததன் மிச்சம் அது.

அன்றாட உணவு வாழைக்காய். தோலோடு நறுக்கி, நீரில் அலசித் துவர்ப்பை இறக்கி, தேங்காய்ப் பாலில் வேகவைப்பது. மாடு கிடைத்தால் இறைச்சியைக் கீற்றுகளாக்கி, புகையில் வாட்டி, நாளுக்குக் கொஞ்சமாகத் தின்பது. வறண்ட பருவத்தில் சில நாட்களுக்கு ஒருமுறை இடம் மாறுவார்கள். மழைக்காலத்தில் தீவுக்காரர்கள் மலைக்கு வருவது குறைவு. அப்போதுதான் குடிசை போட்டு ஒரே இடத்தில் தங்கல். நாட்காட்டியை மனக்கணக்காகவே வைத்திருந்தார். வெளியே வந்தபோது அது ஆறு நாள்தான் பிசகியிருந்தது.

பசிபிக் கடலின் குவாம் தீவில், இதேபோல் ஒளிந்திருந்த இன்னொரு ஜப்பானிய வீரர் ஷோயிச்சி யோகோய் கட்டிய வாழ்க்கை வேறு மாதிரி. துப்பாக்கியை விட அவருக்கு ஊசி கைவந்தது, போருக்கு முன் தையல்காரர். 1944-இல் அமெரிக்கா தீவைப் பிடித்ததும் பத்துப் பேரோடு காட்டுக்குள் போனார்; கடைசி எட்டு ஆண்டு தனியாள். தலோஃபோஃபோ ஆற்றுப் பக்கம் மூங்கில் புதர் அடியில், தரைக்கு இரண்டு மூன்று மீட்டர் கீழே ஒரு பொந்து. இறங்க ஏணி, மண் சரியாமல் இருக்க மூங்கில் முட்டு, உள்ளேயே கழிப்பிடம்.

துணிக்கு அவர் கண்டுபிடித்த வழி, பாகோ என்று அந்தத் தீவில் சொல்லப்படும் மரம். நம் செம்பருத்திக்கும் பூவரசுக்கும் உறவு. பட்டையை உரித்து, ஊறவைத்து, அடித்து, நாரைப் பிரித்து, காயவைத்து, நூலாக முறுக்கி, கைத்தறி ஒன்றையும் தானே செய்து நெய்தார். பிறகு அளவெடுத்து வெட்டி, பொத்தான் வைத்துச் சட்டை தைத்தார். யாரும் பார்க்காத காட்டில் பொத்தான் துளைக்குத் தையல் போட்ட மனிதர்! இறால், விலாங்கு, நத்தை, எலி, தவளை என்று கிடைத்தது உணவு. பனை போலத் தோன்றும் சைக்கஸ் மரத்தின் கொட்டையும் தின்றார். அதில் நஞ்சு உண்டு, நீரில் கரைவது அதன் நல்ல குணம். கொட்டையை உடைத்து, நாட்கணக்கில் தண்ணீர் மாற்றி மாற்றி ஊறவைத்தால்தான் சாப்பிடலாம். அவசரப்பட்டால் வாந்தி, ஈரல் பாதிப்பு. 1972 ஜனவரி 24 அன்று இறால் பொறி பார்க்க வந்த உள்ளூர்க்காரர்கள் இருவர் அவரைப் பிடித்தார்கள். மருத்துவர்கள் பார்த்தபோது லேசான சோகை தவிரப் பெரிய கோளாறு இல்லை.

யோகோய்க்குச் சல்லடை எதுவும் இல்லை. போர் முடிந்தது 1952 வாக்கிலேயே அவருக்குத் தெரியும். வெளியே வரத் தடுத்தது பயமும் வெட்கமும்: உயிரோடு பிடிபட்டவன் ஊரில் எந்த முகத்தோடு நிற்பது? ஜப்பானில் இறங்கியதும் அவர் சொன்ன முதல் பேச்சே, உயிரோடு திரும்பியதற்கு வெட்கப்படுகிறேன் என்பதுதான்.

இந்தப் பூட்டுக்குச் சாவி இருந்தது, 1945-லேயே அது தெரியும் என்பதுதான் எனக்கு உறுத்துகிற விஷயம். பசிபிக்கின் சைபன் தீவில் ஜப்பானியக் கேப்டன் சகாயே ஒபா 46 பேரோடு மலையில் போராடிக்கொண்டிருந்தார். சீட்டுகளை நம்பாதவர், ஜப்பானியத் தளபதி ஒருவரின் முறையான உத்தரவு வந்ததும் 1945 டிசம்பர் 1 அன்று அணிவகுத்து வந்து வாளை ஒப்படைத்தார். அதே கடலின் பெலெலியு தீவில் 34 ஜப்பானிய வீரர்கள் 1947 வரை குகைகளில் இருந்தார்கள். ஜப்பானியக் கடற்படை அட்மிரல் ஒருவரை அழைத்து வந்து பேச வைத்தபின் வெளியே வந்தார்கள். ராணுவத்தில் சேதி வேறு, உத்தரவு வேறு. சேதியை எடைபோடலாம், உத்தரவுக்குக் கீழ்ப்படிய வேண்டும், அதுவும் அதைக் கொடுக்கும் தகுதி உள்ளவர் கொடுத்தால் மட்டும்.

லூபாங்கில் இதுதான் தவறியது. மூன்று பேர் இருக்கிறார்கள் என்பது அகாட்சு வந்த 1950-லேயே தெரிந்துவிட்டது. ஆனாலும் அண்ணனை அனுப்பினார்கள், கடிதங்களை அனுப்பினார்கள், செய்தித்தாளை அனுப்பினார்கள். ஒனோடாவுக்கு ஆணையிட்ட மேஜர் தனிகுச்சி ஜப்பானில் புத்தகக் கடை நடத்திக்கொண்டிருந்தார். 1959-இல் ஒனோடாவும் கொசுகாவும் இறந்ததாகவே அறிவித்தார்கள். 1972 அக்டோபர் 19 அன்று நெல்லுக்குத் தீ வைத்துக்கொண்டிருந்தபோது காவலர் குண்டில் கொசுகா சாக, உடன் ஒருவர் இருக்கிறார் என்று மறுபடி தேடல் தொடங்கியது. பெரிய குழுக்கள் சத்தம் போட்டுத் தேடின. சத்தம் வரும் பக்கம் பதுங்குபவன் போவானா?

1974 பிப்ரவரி 20 அன்று நோரியோ சுசூகி என்ற நாடோடி இளைஞர் தனியாகக் கூடாரம் போட்டுத் தீ மூட்டிக்கொண்டிருந்தார். துப்பாக்கியோடு வந்த ஒனோடா சுடவில்லை. இளைஞன் செருப்புக்கு உள்ளே கனமான காலுறை போட்டிருந்தான். தீவுக்காரன் யாரும் அப்படிப் போடமாட்டான். இவன் ஜப்பானியனாகத்தான் இருக்க வேண்டும். இரவு முழுக்கப் பேசினார்கள். என்ன செய்தால் வருவீர்கள் என்று கேட்டதற்கு ஒனோடா சொன்ன நிபந்தனை ஒன்றே ஒன்று: என் மேலதிகாரி உத்தரவு தர வேண்டும். கால் நூற்றாண்டாக யாரும் அவரிடம் நேரில் கேட்காத கேள்வி அது. (சுசூகி பிறகு பனிமனிதனைத் தேடி இமயமலைக்குப் போய், 1986-இல் பனிச்சரிவில் இறந்தார்.)

மார்ச் 9 அன்று தனிகுச்சி லூபாங்குக்கு வந்து உத்தரவைப் படித்தார். பேரரசரின் ஆணைப்படி பதினான்காவது ராணுவம் போர் நடவடிக்கைகளை நிறுத்திவிட்டது; சிறப்புப் பிரிவு எல்லாப் பணிகளிலிருந்தும் விடுவிக்கப்படுகிறது; அருகிலுள்ள மேலதிகாரியிடம் போய்ச் சேரவும். ஒனோடா விறைப்பாக நின்று கேட்டார், அப்படியே காத்திருந்தார். இது வெளியாருக்குப் படிக்கும் உத்தரவு, அடுத்து மேஜர் பக்கத்தில் வந்து காதோடு உண்மையான உத்தரவைச் சொல்வார் என்று அந்த நொடியிலும் நம்பியதாகப் பின்னால் எழுதினார். தனிகுச்சி காகிதத்தை மடித்தார். ஒனோடா துப்பாக்கியின் தாழ்ப்பாளை இழுத்து, உள்ளே இருந்த தோட்டாக்களை ஒவ்வொன்றாக வெளியே எடுத்தார்.