புகை அடங்கிய கரியும் கொல்லும்

படுக்கையறையில் கரி அடுப்பை வைத்துத் தூங்கி மயங்கிப்போய், இந்தக் குளிர்காலத்தில் எங்கள் மருத்துவமனைக்கு வந்தது இது நான்காவது குடும்பம். நேற்று அதிகாலை, தென்னாப்பிரிக்காவில் நம் நியூகாசில் பக்கத்திலிருந்து ஓர் ஆயாவையும் இரண்டு பேரப்பிள்ளைகளையும் தூக்கிவந்தார்கள். பிள்ளைகள் பிழைத்துக்கொண்டார்கள். ஆயா இன்னும் கண் திறக்கவில்லை. மகன் திரும்பத் திரும்பச் சொன்னது ஒன்றுதான்: "புகையெல்லாம் அடங்கின பிறகுதானே டாக்டர் அடுப்பை உள்ளே கொண்டுபோனோம்!"

எத்தனை முறைதான் இதைக் கேட்பது! புகை கண்ணைக் கரிக்கும், இருமல் வரும், ஆள் எழுந்து ஓடிவிடுவார். இங்கே ஆளைக் கொல்வது கார்பன் மோனாக்சைடு என்னும் விஷவாயு. அதற்கு நிறமும் இல்லை, வாசனையும் இல்லை. புகையே இல்லாமல் செக்கச்செவேலென்று கனலும் நிலக்கரிதான் அதை விடிய விடியக் கக்குகிறது. 'பாசா இன்ஜெங்கோ மாகோகோ', அதாவது பாட்டியைப் போலப் பற்றவை என்று ஜூலு மொழியில் சொல்வார்களே, மேலிருந்து பற்றவைக்கும் அந்த முறையில் புகை குறையும். தெருவுக்கு நல்லதுதான். ஆனால் அப்படிப் பற்றவைத்த இம்பாவுலாவும், அதாவது துளையிட்ட தகர டின் அடுப்பும், படுக்கையறைக்குள் வரக்கூடாது. மரக்கரியும் அப்படியே. பக்கத்தில் ஒரு சட்டித் தண்ணீர் வைத்தால் விஷத்தை இழுத்துக்கொள்ளுமாம். இழுக்காது!

இளம் டாக்டர்களுக்கு ஒரு வார்த்தை. ரத்தத்தில் ஆக்சிஜனை அளக்க விரலில் மாட்டும் கருவி 98 சதவீதம் காட்டும், நம்பாதீர்கள். ஆக்சிஜன் ஏறிய ரத்தத்தையும் இந்த வாயு ஏறிய ரத்தத்தையும் அதற்குப் பிரித்தறியத் தெரியாது. ரத்தப் பரிசோதனை முடிவுக்குக் காத்திராமல் முழு ஆக்சிஜன் கொடுங்கள். வெறுங்காற்றில் விஷம் பாதியாகக் குறைய நாலைந்து மணி நேரமாகும்.

நிலக்கரியை நான் பழிக்கவில்லை. இந்த நாட்டு மின்சாரத்தில் சுமார் ஐந்தில் நான்கு பங்கு அதிலிருந்துதான் வருகிறது. 1913 அக்டோபரில் காந்தியின் தோழர் தம்பி நாயுடு வந்து அழைக்க, நம் முன்னோர் வேலைநிறுத்தத்தில் இறங்கியதும் இதே நியூகாசில் கரிச்சுரங்கங்களில்தான். அவ்வளவு காலப் பழக்கம் தருகிற தைரியம்தான் எனக்குப் பயமாக இருக்கிறது. 2022, 2023இல் மணிக்கணக்கில் மின்சாரம் நின்றபோதும், இப்போது கட்டணம் கட்ட முடியாதபோதும், வீட்டுக்குள் வருவது அதே கரிதான்.

வீட்டில் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் தலைவலி, குமட்டல்; வெளியே வந்தால் தெளிகிறது. இதைச் சளிக்காய்ச்சல் என்று நினைத்துப் படுத்துவிடாதீர்கள். எல்லோரையும் வெளியே கொண்டுவந்துவிட்டு ஆம்புலன்ஸுக்கு 10177ஐ அழையுங்கள், செல்பேசியில் 112. அடுப்பை அணைக்க உள்ளே திரும்பிப் போகவே கூடாது.

ஆயாமாரே, உங்கள் கையைப் பிடித்துக் கேட்கிறேன். சாயங்காலம் முற்றத்தில் குளிர்காயுங்கள். படுக்கப் போகும்போது அடுப்பு வெளியிலேயே இருக்கட்டும். குளிர் தாங்கவில்லையென்றால் பிள்ளைகளை உங்கள் போர்வைக்குள் இழுத்துக்கொள்ளுங்கள்.