துப்பறியும் பிள்ளைக்குக் கூட்டாளி யார்?

"அடுத்த வீட்டை எட்டிப் பார்க்கிறான், யார் எப்போ வர்றாங்கன்னு நோட்டில் எழுதுறான்" என்று அக்கம்பக்கத்தார் சொன்ன புகாரோடு மகனை அழைத்து வந்தார் ஒரு அம்மா. திருவல்லிக்கேணியில் ஸ்டோர் வீடு, ஒரே முற்றம், சுற்றிலும் குடித்தனங்கள். (அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.) பெற்றோர் இருவருக்கும் வேலை. பள்ளி விட்டு வந்தால் இருட்டும்வரை பையன் தனிதான்.

எட்டு, ஒன்பது வயதில் துப்பறியும் விளையாட்டு இயல்பானது. ரகசியக் குறியீடு, விதிமுறை, கோஷ்டி எல்லாம் பிடிக்கும் வயது. ஆனால் கோஷ்டி என்றால் நாலு பேராவது வேண்டுமே, இவனுக்கு ஒருவரும் இல்லை. அனுமதி கேட்டு நோட்டைப் படித்தேன். "மூணாம் வீட்டு மாமா 6.10க்கு வந்தார். கையில் பஜ்ஜி பொட்டலம். பாப்பா ஓடிப் போச்சு." பக்கத்துக்குப் பக்கம் இதேதான். அவனுடைய சந்தேக நபர்கள் எல்லோரும் சீக்கிரம் வீடு திரும்பும் அப்பாக்கள்.

இப்படி ஒரு நோட்டு கிடைத்தால் பிடுங்காதீர்கள், திருட்டுத்தனமாகவும் படிக்காதீர்கள். "இன்னைக்கு என்ன துப்பு கிடைச்சது?" என்று தினமும் கேளுங்கள். சிரிக்காமல் கேட்க வேண்டும், அதுதான் கஷ்டம். கூடவே விதிகளும் வேண்டும்: யார் வீட்டுக்குள்ளும் பின்தொடரக் கூடாது, ஜன்னல் வழியே பார்க்கக் கூடாது, போனில் படம் பிடிக்கக் கூடாது.

நெருக்கமான தெருக்களில் "எல்லாரும் தெரிஞ்சவங்கதானே" என்ற நிம்மதி அதிகம். எனக்கு அந்த நிம்மதி கிடையாது. குழந்தைகளுக்குத் தீங்கு செய்பவர்களில் பெரும்பாலோர் தெரிந்தவர்களே. ரகசியம் தேடி அலையும் தனிமைக் குழந்தையை "உனக்கு மட்டும் ஒரு ரகசியம்" என்று நெருங்குவது ரொம்பச் சுலபம். பிறந்தநாள் பரிசை மறைத்து வைக்கலாம், அது நாலு நாளில் வெளியே வந்துவிடும். அம்மாவிடம் சொல்லவே கூடாது என்று யாராவது சொன்னால், அதை அன்றைக்கே சொல்லிவிட வேண்டும் என்று பழக்குங்கள்.

நோட்டிலோ பேச்சிலோ அப்படி ஏதாவது வெளிப்பட்டால் தெருப் பெரியவர்களை வைத்துப் பஞ்சாயத்து நடத்தாதீர்கள். 1098 குழந்தைகள் உதவி எண். பாலியல் குற்றம் நடந்திருப்பது தெரிந்தால் போலீசுக்குத் தெரிவிப்பதை 2012ஆம் ஆண்டின் போக்சோ சட்டம் கட்டாயமாக்கியிருக்கிறது. 'ஸ்டேஷனுக்கு அலைய வேண்டுமே' என்றுதான் பலர் தயங்குகிறார்கள். குழந்தையின் வாக்குமூலத்தை வீட்டிலோ அது விரும்பும் இடத்திலோ பதிவு செய்யலாம். அதிகாரி சீருடையில் வரக் கூடாது, பெற்றோரோ குழந்தை நம்பும் ஒருவரோ உடனிருக்க வேண்டும் என்கிறது அதே சட்டம்.